ஹெட்லி ஸ்டப்ஸின் கடைசி வசனம்

ஹெட்லி ஸ்டப்ஸை நீங்கள் கட்டாயம் பார்த்திருப்பீர்கள். பார்த்தது ஞாபகம் இருக்காது, அவ்வளவுதான். கொலை நடந்த வீட்டுக் கதவைத் தட்டி, தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, "மன்னிக்கணும்மா, ஒரு கெட்ட சேதி" என்று சொல்லிவிட்டுப் போகும் போலீஸ்காரர் அவர்தான். பணக்கார வீட்டில் தட்டோடு வந்து தட்டோடு போகும் வேலைக்காரர், கல்யாணத்தில் மூக்கை உறிஞ்சும் பாதிரியார், ரயிலில் கதாநாயகிக்கு எதிரே உட்கார்ந்து தூங்கும் கிழவர், எல்லாம் அவரே. படம் விட்டு வெளியே வந்தவர்களில் ஒருத்தராவது அவரைப் பற்றிப் பேசியிருந்தால் நான் என் பெயரை மாற்றிக்கொள்கிறேன்.

என் பெயர் ஐவி. வட இங்கிலாந்தில் அக்ரிங்டன் என்ற ஊரில், சேப்பல் தெருத் தியேட்டரில் மேடையோரத் திரைக்குப் பின்னால் எனக்கு ஒரு நாற்காலி உண்டு. நாடகப் பிரதியை மடியில் வைத்துக்கொண்டு, வசனம் மறந்து விழிக்கிறவர்களுக்கு எடுத்துக் கொடுப்பது என் வேலை. காட்சி முடிந்ததும் திரையை இறக்கச் சொல்லி மணியடிப்பதும் நான்தான். என் இளமை முழுக்க அந்த மூலையில்தான் கழிந்தது. அதனால் நடிகர்கள் என்றால் எனக்கு எந்தப் பிரமையும் கிடையாது. முக்கால்வாசிப் பேர் கண்ணாடியைப் பார்த்துத் தாங்களே உருகுகிற ரகம். ஒரு தும்மல் போட்டால்கூட அதற்குக் கைதட்டல் எதிர்பார்ப்பார்கள்.

ஹெட்லி அப்படியில்லை. அவர் அப்பா டிராம் வண்டியில் டிக்கெட் கிழித்தவர். பையன் கணக்குப் படித்துக் கம்பெனி ஆபீஸில் உட்காருவான் என்று நம்பியிருந்தார். பையனோ பள்ளிக்கூடத்தை விட்டதும் ஊருக்கு வந்த ஒரு நாடகக் கம்பெனியோடு பெட்டி தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டான். மீசை முளைக்காத வயதிலேயே கிழவன் வேஷம். குரல் அப்படி. முகமும் அப்படி: கன்னம் தொங்கி, கண்ணுக்குக் கீழே பை விழுந்து, பிறந்தபோதே ஐம்பது வயது ஆனவர்போல இருப்பார். "காதலன் வேஷம் கட்டணும்னு ஆசைப்பட்டதே இல்லையா?" என்று ஒருமுறை கேட்டேன். கண்ணாடி வைத்திருக்கிற வீட்டில் பிறந்தவனுக்கு அந்த ஆசை எப்படி வரும் என்று சிரித்தார்.

எங்கள் கம்பெனியில் வாரம் ஒரு நாடகம். சாயங்காலம் இந்த வார நாடகம் நடக்கும், காலையில் அடுத்த வார நாடகத்துக்கு ஒத்திகை. நடுவில் கிடைத்த நேரத்தில் வசனத்தை நெட்டுருப் போட வேண்டும். ஹெட்லி எல்லா வாரமும் உண்டு. முதல் அங்கத்தில் டாக்டராக வந்து நாடி பார்ப்பார். மூன்றாம் அங்கத்தில் வக்கீலாக வந்து உயிலைப் படிப்பார். திரை இறங்கும்போது மேடையில் இருந்ததே இல்லை. சினிமாக்காரர்கள் கூப்பிட்டால் ஞாயிற்றுக்கிழமை ரயில் பிடித்துத் தெற்கே போவார், ஒரு நாள் நடித்துவிட்டுத் திரும்புவார்.

அந்தப் படங்கள் ஊருக்கு வந்தால் அவர் மனைவி ஆலிவ் தன் கூட வேலை செய்யும் லாண்டரிப் பெண்களைக் கூட்டிக்கொண்டு போவாள். ஒரு தடவை கையுறை கீழே விழுந்தது என்று குனிந்து எடுத்திருக்கிறாள். நிமிர்ந்ததும் பக்கத்தில் இருந்தவள், "ஏன்டி, உன் வீட்டுக்காரர் எப்ப வருவார்?" என்று கேட்டாளாம். "வந்துட்டுப் போயிட்டாருடி" என்று பின்வரிசையிலிருந்து இன்னொருத்தி சொன்னாளாம். ஆலிவ் இதை எல்லோரிடமும் சொல்லிச் சிரிப்பாள். ஹெட்லியும் சிரிப்பார். ஆனால் அடுத்த படத்துக்கு அவளைக் கையுறை போட்டுக்கொள்ளாமல் போகச் சொன்னார்.

மனுஷனுக்கு ஒரே ஒரு ஆசை இருந்தது. அதை அவர் ஒளித்து வைக்கவில்லை. தேநீர் குடிக்கும்போது, பஸ்ஸுக்கு நிற்கும்போது, எவன் கேட்டாலும் சொல்வார். லண்டன் மேடையில் ஒரு தடவை நடிக்க வேண்டும். நாயகன் வேஷம் வேண்டாம். தன்னை எடுத்துவிட்டால் நாடகம் நொண்டும் என்கிற மாதிரி ஒரு வேஷம் போதும். ஆலிவ் அங்கே வந்து உட்கார்ந்து பார்க்க வேண்டும். அவ்வளவுதான். இதைக் கேட்டு இளவட்டங்கள் கேலி செய்வார்கள். "ஹெட்லி, லண்டன்ல உங்களுக்குக் கதவைத் தொறந்து விடுற வேஷம் தயாரா இருக்காம்" என்பார்கள். பாவம், அதைக்கூட ஒரு நிமிஷம் நம்பிவிட்டுத்தான் சிரிப்பார்.

அவருக்கு அறுபது நெருங்கும்போது அந்த வேஷம் வந்தது. மால்கம் என்று உள்ளூர்ப் பள்ளி வாத்தியார் ஒருவன், சின்னப் பையன், ஒரு நாடகம் எழுதிக்கொண்டு வந்தான். ரயில்வேயில் சிக்னல் பார்த்த ஒரு கிழவர். அவர் மகன், அம்மா சாகக் கிடந்தபோது வீட்டை விட்டு ஓடியவன். சாவுக்கும் வரவில்லை. நாடகம் முழுக்கக் கிழவர், "அந்த நாய் வந்தா வாசப்படி மிதிக்க விடமாட்டேன்" என்று கறுவிக்கொண்டே இருப்பார். கடைசிக் காட்சியில் அவன் வந்து வாசலில் நிற்பான், குடையில்லாமல் நனைந்துபோய். கிழவர் அவனைப் பார்ப்பார். பிறகு, "சாப்பாடு ஆறிப்போச்சு. பரவாயில்ல, உட்காரு" என்பார். திரை.

படித்தபோதே அழுதுவிட்டேன். நான் லேசில் அழுகிறவள் இல்லை.

எங்கள் கம்பெனியின் முதன்மை நடிகர் அந்த வாரம் பார்த்து டெலிவிஷனுக்குத் தாவிவிட்டார். கிழவர் வேஷத்துக்கு ஆளில்லை. எங்கள் டைரக்டர் ரோலண்ட், கழுத்தில் எப்போதும் ஒரு பட்டுத் துணியைச் சுற்றிக்கொண்டு திரிகிற ஆசாமி, வேறு வழியில்லாமல் ஹெட்லிக்குக் கொடுத்தான். போதாக்குறைக்கு, ஹாலம் என்ற லண்டன் நாடக முதலாளி ஒருவர் முதல் நாள் நாடகம் பார்க்க வருகிறார், பிடித்தால் அப்படியே லண்டனுக்குக் கொண்டுபோவார் என்ற சேதியும் வந்தது. ஹெட்லி முகத்தைப் பார்க்க வேண்டுமே! அன்று மதியம் அவர் சாப்பிடவே இல்லை. பொட்டலத்தில் ஆலிவ் கொடுத்தனுப்பிய பன்றிக்கறிப் பணியாரத்தை என் கையில் திணித்துவிட்டு, வசனத்தை எடுத்துக்கொண்டு ஒப்பனை அறைக்குள் போய்விட்டார்.

இந்த இடத்தில் எங்கள் ஆட்களின் ஒரு கிறுக்கைச் சொல்ல வேண்டும். கிறுக்குகளுக்குப் பஞ்சமே இல்லை. தியேட்டருக்குள் விசில் அடித்தவனை வெளியே தள்ளிச் சுற்றிவரச் செய்துதான் உள்ளே விடுவார்கள். அதைவிடப் பெரிய கிறுக்கு கடைசி வசனம். நாடகத்தின் கடைசி வசனத்தை ஒத்திகையில் யாரும் வாய்விட்டுச் சொல்லக் கூடாது. சொன்னால் நாடகம் விளங்காது என்று நம்பிக்கை. அந்த இடம் வந்ததும் நடிகர், "டம் டம் டம்" என்று எதையாவது முனகுவார். எல்லோரும் தேநீருக்கு ஓடுவார்கள். முதல் நாள் ஜனங்களுக்கு முன்னால்தான் அந்த வசனம் முதல் தடவையாக வெளியே வர வேண்டும்.

நாயகன் வேஷம் கட்டுகிறவர்களுக்கு இது பழக்கம். எப்படியாவது குளியலறையில் சொல்லிப் பார்த்துக்கொள்வார்கள், தெய்வத்துக்குத் தெரியாது என்று நினைப்பு. ஹெட்லிக்கோ வாழ்க்கையில் முதல் கடைசி வசனம். அதனால் மற்றவர்களைவிடப் பயபக்தியாக இருந்தார். வீட்டில் ஆலிவ் துணிக்கு இஸ்திரி போட்டுக்கொண்டே மகன் வசனத்தைப் படிப்பாள், இவர் பதில் சொல்வார். கடைசி இடம் வந்ததும் வாயை மூடிக்கொள்வார். "அதையும் ஒரு தடவை சொல்லிப் பாருங்களேன், என் காதுக்குள்ள மட்டும் சொல்லுங்க" என்றாளாம். தலையை ஆட்டிவிட்டாராம். கண்ணால் மட்டும் படித்துக்கொண்டார். நடிகனுக்கு வசனம் நாக்கில்தான் தங்கும். இது எனக்கும் தெரியும், ரோலண்டுக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். ஒருத்தருக்கும் அப்போது உறைக்கவில்லை.

திங்கட்கிழமை முதல் நாடகம். ஆலிவால் வர முடியவில்லை. லாண்டரியில் ஆஸ்பத்திரித் துணி மலையாக வந்து இறங்கியிருந்தது, சாயங்கால வேலைக்கு மாற்று ஆள் கிடைக்கவில்லை. செவ்வாய்க்கிழமை வருகிறேன் என்று சொல்லியனுப்பினாள். ஹாலம் வந்திருந்தார். நடு வரிசை, ஓரத்து இருக்கை, கோட்டைக்கூடக் கழற்றவில்லை.

ஹெட்லி எப்படி நடித்தார் என்று கேட்டால், நான் பிரதியைப் பார்க்கவே மறந்துவிட்டேன். இத்தனை வருஷம் டாக்டரும் வக்கீலுமாக வந்துபோன மனுஷனுக்குள் இப்படி ஒரு ஆள் உட்கார்ந்திருந்தாரா என்று இருந்தது. மூன்று அங்கமும் ஒரு வார்த்தை பிசகவில்லை. மகன் வாசலில் வந்து நின்றான். ஹெட்லி எழுந்தார். அவனைப் பார்த்தார். வாயைத் திறந்தார்.

ஒன்றும் வரவில்லை.

நான் மெல்ல எடுத்துக் கொடுத்தேன். "சாப்பாடு ஆறிப்போச்சு." அவர் கண் மட்டும் என் பக்கம் திரும்பியது. கேட்டுவிட்டது, அதில் சந்தேகமில்லை. இன்னொரு தடவை, கொஞ்சம் உரக்கச் சொன்னேன். திருதிருவென்று விழிக்கிறார். அப்புறம்தான் எனக்குப் புரிந்தது. கண்ணால் படித்ததோடு சரி, அந்த வசனத்தை யார் குரலிலும் அவர் அதுவரை கேட்டதில்லை. நான் வேறு பக்கத்தைத் திறந்து வைத்துக்கொண்டு எதையோ உளறுகிறேன் என்று நினைத்துவிட்டார். மறுபடி மகனைப் பார்த்துத் திரும்பினார். அந்தத் தொங்கிய முகத்தில் ரத்தமே இல்லை. எத்தனை நேரம்தான் நிற்கவிடுவது? மணியடித்தேன். திரை இறங்கியது.

முதலில் சத்தமே இல்லை. தொலைந்தது என்று தலையில் கை வைத்துக்கொண்டேன். அப்புறம் பிடித்தது பாருங்கள் ஒரு கைதட்டல், அந்தக் கட்டடம் அப்படி ஒன்றைக் கேட்டதில்லை. ஜனங்கள் எழுந்து நிற்கிறார்கள். பெண்கள் மூக்கைச் சிந்துகிறார்கள். ஹெட்லி திரைக்குப் பின்னால் நின்று, "பாவம்னு தட்டுறாங்க ஐவிம்மா. என் மானம் போச்சு" என்றார்.

ஹாலம் உள்ளே வந்து இரண்டு கையாலும் அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார். அந்த மௌனத்தைப் பற்றி மட்டும் பேசினார். பெற்ற மகனை மன்னிக்கவும் முடியாமல், விரட்டவும் முடியாமல், சொல்லுக்குத் தவித்து நின்ற அந்த நிலை! இப்படி ஒரு முடிவை லண்டனில் எவனும் துணிந்து வைத்ததில்லை என்றார். ஹெட்லி, "இல்லீங்க, அது வந்து..." என்று ஆரம்பித்தார். ரோலண்ட் அவர் காலை மிதித்தான். என் கண்ணால் பார்த்தேன். "அந்த இடத்துக்குத்தான் ரொம்ப மெனக்கெட்டோம்" என்றான், பட்டுத் துணியைச் சரிசெய்துகொண்டே. வெட்கங்கெட்டவன்.

மறுநாள் பத்திரிகையிலும் அதே பாட்டு. மால்கம் முதலில் குதித்தான். தன் நாடகத்தின் உயிரே அந்த ஒரு வசனம்தான் என்றான். பத்திரிகையைப் படித்த பிறகு குதிப்பது குறைந்தது. மதியத்துக்குள், தானே முதலில் அப்படி எழுத நினைத்ததாகச் சொல்ல ஆரம்பித்துவிட்டான். ரோலண்ட் என் மடியிலிருந்த பிரதியை வாங்கிக் கடைசி வசனத்தை அடித்துவிட்டான். ஹெட்லியைக் கூப்பிட்டு, இனி எல்லா நாளும் பேசாமல் நிற்க வேண்டும் என்றான்.

ஹெட்லி கெஞ்சினார். அவர் யாரிடமும் எதற்கும் கெஞ்சி நான் பார்த்ததில்லை.

"தம்பி, அந்தப் பையன் மழையில நனைஞ்சு நிக்கிறான். நான் உட்காருன்னு சொல்லணும். சொல்லலேன்னா இந்தக் கெழவன் மனுஷனே இல்ல. ஒரே ஒரு தடவை சொல்ல விடு."

"சொன்னா லண்டன் கிடையாது, ஹெட்லி" என்றான் ரோலண்ட்.

அதோடு அவர் கேட்பதை விட்டுவிட்டார். அன்று சாயங்காலம் ஆலிவ் வரக் கிளம்பியபோது, வேண்டாம் என்று தடுத்துவிட்டார். இங்கே பார்க்காதே, லண்டனில் வந்து பார், அங்கே எப்படியும் அந்த வசனத்தைச் சொல்ல அனுமதி வாங்கிவிடுவேன், முழுசாகப் பார்க்கலாம் என்றாராம். அவளும் புது ஷூ போட்டுக்கொண்டு கிளம்பியவள், கழற்றி வைத்துவிட்டாள்.

இனிச் சொல்லப்போவது எனக்கே கசப்பு. செவ்வாயிலிருந்து அவர் நின்ற நிலை நன்றாக இல்லை. திங்கட்கிழமை அவருக்கு நிஜமாகவே சொல் கிடைக்கவில்லை. அடுத்த நாளிலிருந்து சொல் வாய்க்குள் முட்டிக்கொண்டு நிற்கிறது, இவர் பல்லைக் கடித்துக்கொண்டு அடக்குகிறார். உதடு அசைகிறது. பார்க்கிறவர்களுக்கு ஏதோ பல்வலி மாதிரி இருந்திருக்கும். கைதட்டல் இருந்தது, பத்திரிகையைப் படித்துவிட்டு வந்தவர்கள் தட்டினார்கள். எனக்கு வித்தியாசம் தெரிந்தது. அவருக்கும் தெரிந்தது. ஒவ்வொரு நாளும் திரை இறங்கியதும் என் முகத்தைப் பார்ப்பார். நான் பிரதியை மூடுகிற சாக்கில் குனிந்துகொள்வேன்.

சனிக்கிழமை ஹாலம் மறுபடி வந்து பார்த்தார். நாடகம் முடிந்ததும் ரோலண்டின் அறையில் உட்கார்ந்து பேசினார்கள். ஹெட்லியையும், பிரதியோடு என்னையும் கூப்பிட்டிருந்தார்கள். லண்டனில் எடுத்துக் கொடுக்கவும் நானே வர வேண்டுமாம். ஹாலம் கெட்ட மனுஷர் இல்லை, நிதானமாகத்தான் சொன்னார். நாடகம் லண்டனுக்குப் போகிறது. கிழவர் வேஷத்தில் ஏட்ரியன் வேல் நடிப்பார். வாராவாரம் டெலிவிஷனில் துப்பறியும் இன்ஸ்பெக்டராக வருகிறாரே, அவர்தான்.

ஹெட்லி காரணம் கேட்டார். கோபமாக இல்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டார்.

"தப்பா எடுத்துக்காதீங்க மிஸ்டர் ஸ்டப்ஸ்" என்றார் ஹாலம். "அந்த மௌனம்தான் நாடகமே. தெரிஞ்ச முகம் ஒண்ணு பேசாம நின்னாத்தான் ஜனங்க மூச்சைப் பிடிச்சுப் பாப்பாங்க. தெரியாத முகம் நின்னா, வசனம் மறந்துட்டான்னு நினைச்சுடுவாங்க."

ரோலண்ட் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். எனக்கு வாயில் என்னென்னவோ வந்தது. ஹெட்லி என்ன செய்தார் தெரியுமா? "அது நியாயந்தான் சார்" என்றார்.

அவருக்கு இரண்டு வேலை கொடுத்தார்கள். ஏட்ரியன் வேலுக்கு உடம்பு சரியில்லாமல் போனால் பதிலுக்கு நடிக்கத் தயாராக இருக்க வேண்டும். அதற்கு முன்னால், அந்த முதல் திங்கட்கிழமை தான் எப்படி நின்றார் என்பதை அவருக்கு நின்று காட்ட வேண்டும். நானாக இருந்தால் மேஜையைக் கவிழ்த்துவிட்டு வந்திருப்பேன். ஹெட்லி பெட்டியைக் கட்டினார். வேலைக்கு வரச் சொன்னால் வருவதுதான் அவருக்குத் தெரியும்.

லண்டன் ஒத்திகையில் நடந்ததை நானே பார்த்தேன். ஏட்ரியன் வேல் நல்ல உயரம், வெள்ளை முடி, மரியாதையான ஆள். ஹெட்லியை "சார்" என்றுதான் கூப்பிட்டார். எந்தக் காலை முன்னால் வைத்தீர்கள், கை எங்கே இருந்தது, கண் எந்தப் பக்கம் போனது என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். ஹெட்லி நின்று காட்டினார். கண் என் பக்கம் திரும்பியதைக்கூட விடாமல் காட்டினார். அதுதான் அற்புதம், செத்துப்போன மனைவி அந்தப் பக்கம் இருக்கிற மாதிரி இருக்கிறது என்றார் வேல். நான் நாற்காலியில் நெளிந்தேன்.

அப்புறம் வேல் கேட்டார், "அந்த நேரத்துல மனசுக்குள்ள என்ன ஓடிச்சு சார்? அது எனக்கு வேணும்."

"வீட்டுக்குப் போய் என் பொண்டாட்டிகிட்ட எப்படிச் சொல்றதுன்னு நினைச்சேன்" என்றார் ஹெட்லி.

வேல் தலையை மெல்ல ஆட்டினார். அவர் கண் கலங்கியிருந்தது, பொய்யில்லை. "அதை நான் எடுத்துக்கலாமா?" என்று கேட்டார். ஹெட்லி எடுத்துக்கொள்ளச் சொன்னார்.

லண்டனில் அந்த நாடகம் ஒரு வருஷத்துக்கு மேல் ஓடியது. ஏட்ரியன் வேலுக்கு ஒரு ஜலதோஷம்கூடப் பிடிக்கவில்லை. இரும்பு உடம்பு, சனியன். ஹெட்லி தினமும் வந்து, மாடி அறையில் வேஷம் போடாமல் உட்கார்ந்து, திரை இறங்கியதும் கோட்டை மாட்டிக்கொண்டு போவார். என்றைக்காவது கூப்பிட்டால் உடனே இறங்க வேண்டுமே என்று முகச்சவரம் மட்டும் தவறாது. பிறகு அதையே படமாக எடுத்தார்கள். ஹெட்லிக்கும் அதில் ஒரு நாள் வேலை கிடைத்தது. மகனுக்கு வழி சொல்லும் தபால்காரர். படம் நீளம் அதிகம் என்று அந்த இடத்தை வெட்டிவிட்டார்கள்.

அதற்கப்புறம் சில வருஷம் இங்கும் அங்கும் டாக்டராகவும் போலீஸ்காரராகவும் வந்துகொண்டிருந்தார். முன்பெல்லாம் அந்த வேஷங்களை ரசித்துச் செய்வார், மீசையைத் தானே ஒட்டி, நடையை மாற்றி, வீட்டு வாசலில் நிற்கிற போலீஸ்காரருக்கும் ஒரு கதை யோசித்து வைத்திருப்பார். இப்போது வந்து சொல்லிவிட்டுப் போனார், அவ்வளவே. லண்டனைப் பற்றிய பேச்சையே விட்டுவிட்டார். இளவட்டங்களும் கேலி செய்வதை விட்டுவிட்டார்கள், அது அதைவிட மோசம். ஒரு குளிர்காலத்தில் நெஞ்சில் சளி கட்டி, வீட்டிலேயே படுத்து, வீட்டிலேயே போனார். பத்திரிகையில் ஒரு வரி வரவில்லை.

அடக்கம் முடிந்து, வந்தவர்கள் பன்றித்தொடைக் கறியும் ரொட்டியும் சாப்பிட்டுக் கலைந்த பிறகு, ஆலிவும் நானும் சமையலறையில் உட்கார்ந்திருந்தோம். அப்போதுதான் அந்த லண்டன் முதல் நாளைப் பற்றிச் சொன்னாள். அன்று அவள் ரயிலில் வந்திருந்தாள். லாண்டரிப் பெண்கள் எல்லோரும் சேர்ந்து அவளுக்கு ஒரு தொப்பி வாங்கிக் கொடுத்து அனுப்பியிருந்தார்கள். வேஷம் கைவிட்டுப் போனதை ஹெட்லி அதுவரை வீட்டில் சொல்லவே இல்லை. ஸ்டேஷனுக்குப் பக்கத்துத் தேநீர்க் கடையில் வைத்துத்தான் சொல்லியிருக்கிறார். டிக்கெட் இருக்கிறதே, போய்ப் பார்ப்போம் என்று மட்டும் சொன்னாளாம். பதில் நடிகர் கட்டடத்துக்குள் இருந்தால் போதும் என்பதால், இரண்டு பேரும் மேல் மாடத்தில் கடைசி வரிசையில் உட்கார்ந்து பார்த்திருக்கிறார்கள்.

"கடைசியில அந்த ஆள் நின்னான் பாரு ஐவி, எனக்கு அழுகை தாங்கல" என்றாள் ஆலிவ். "என்ன பொம்பளை நான்னு இருந்துச்சு. ஆனா அடக்க முடியல. நீங்களும் இப்படித்தான் நின்னீங்களான்னு இவரைக் கேட்டேன். 'இல்லம்மா, நான் இவ்வளவு நல்லா நிக்கல'ன்னார்."

கெட்டிலை அடுப்பில் வைத்துவிட்டு என் எதிரே வந்து உட்கார்ந்தாள். "நீ ரெண்டு பேரையும் பக்கத்துல இருந்து பாத்தவ. எனக்கு மழுப்பாமச் சொல்லு. யார் நல்லா நின்னா?"

செத்தவரைப் பற்றி நல்லதாகச் சொல்லிவிட்டு எழுந்து வந்திருக்கலாம். ஆனால் நாற்பது வருஷம் அவர் கூட வாழ்ந்தவளிடம் பொய் சொல்ல எனக்கு நாக்கு வரவில்லை.

"மத்த நாளெல்லாம் அந்த ஆள்தான் ஆலிவ்" என்றேன். "ஆனா அந்த முதல் திங்கட்கிழமை ஹெட்லி நின்ன மாதிரி ஒருத்தனும் நிக்கல. இனிமேலும் நிக்கப்போறதில்ல. ஒரே ஒரு நாள்."

ஆலிவ் தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சோடாக்காரத்தில் ஊறி ஊறி நகமெல்லாம் வெளுத்துப்போன கைகள்.

"அன்னிக்கு நான் லாண்டரியில இருந்தேன்" என்றாள்.